குறுந்தொகை 40: ‘அவரவர் பார்வை’ என்று முடிந்துவிடாமல் கூட்டம் நடத்துவது எப்படி?

திருமங்கலம் வாசகி:
வணக்கம். எங்கள் மாதக் கூட்டத்துக்குப் பதினைந்து பேர் வருவார்கள். கல்லூரிப் பிள்ளைகள், ஓய்வுபெற்ற தமிழாசிரியர்கள், கடைக்காரர்கள் என்று கலவையான கூட்டம். அடுத்து ‘யாயும் ஞாயும் யாராகியரோ’ பாட்டை எடுக்கிறோம். ‘என் தாயும் உன் தாயும் யார் யாரோ; ஆனாலும் செம்மண்ணில் பெய்த மழைநீர் போல நம் நெஞ்சங்கள் கலந்துவிட்டன’ என்கிற பாட்டு. பேச்சு எப்போதும் இரண்டு இடங்களில்தான் முட்டி நிற்கிறது. புலவர் ஐயா உரையைச் சொல்லிவிட்டால் அதற்குமேல் யாரும் வாய் திறப்பதில்லை. இல்லையென்றால் ஒருவர் எழுந்து, “ஆசிரியன்தான் செத்துட்டானே, அவரவர் பார்வை அவரவருக்கு” என்று சொல்லி எல்லாவற்றையும் ஒன்றாக்கிவிடுகிறார். வாசகரின் பங்கைப் பேசும் கோட்பாடுகள் இதற்கு நடைமுறையில் உதவுமா? ஒன்றரை மணி நேரம் கிடைக்கும்.

பல்கலைநகர்:
முதலில் அந்த ‘செத்துட்டான்’ வசனம். அது பிரெஞ்சு விமர்சகர் ரொலான் பார்த்தின் ‘ஆசிரியனின் மரணம்’ கட்டுரையிலிருந்து வந்தது. அந்தக் கட்டுரை 1967இல் ஆங்கிலத்திலும் 1968இல் பிரெஞ்சிலும் வெளிவந்தது. அதில் வரும் வாசகர், உங்கள் கூட்டத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கும் ஆள் அல்ல. அவருக்கு வரலாறு கிடையாது, சொந்த வாழ்க்கை கிடையாது, தனி மனமும் கிடையாது. பிரதியில், அதாவது எழுதப்பட்ட படைப்பில், ஓடும் இழைகள் எல்லாம் வந்து கூடுகிற இடத்துக்கு பார்த் வைத்த பெயர்தான் வாசகர். ‘எனக்குத் தோணுது, அதனால் சரி’ என்பதற்கு அவரைச் சாட்சிக்குக் கூப்பிட முடியாது.

கூட்டம் நடத்த உதவுகிறவர் ஆங்கில விமர்சகர் ஐ.ஏ. ரிச்சர்ட்ஸ். கேம்பிரிட்ஜில் 13 கவிதைகளை எழுதியவர் பெயரை மறைத்துக் கொடுத்து, மாணவர்களிடம் கருத்தை எழுதி வாங்கி 1929இல் நூலாக்கினார். நன்றாகப் படித்த பிள்ளைகளிலேயே பலருக்கு நேர்ப்பொருள் பிடிபடவில்லை. இன்னொரு கோளாறு, மனசில் ஏற்கெனவே தயாராக இருக்கும் உணர்ச்சியைக் கவிதைமேல் கொட்டிவிடுவது. ‘செம்புலப் பெயல்நீர்’ கல்யாணப் பத்திரிகையிலேயே அச்சாகிற வரி. அதனால் இந்த இரண்டாவது கோளாறு உங்கள் கூட்டத்தில் கட்டாயம் வரும்.

எனவே முதல் தாளில் ஐந்து அடிகள் மட்டும், பதம் பிரித்து. அடியில் யாய், ஞாய், நுந்தை போன்ற சொற்களுக்குப் பொருள். பாட்டை எழுதிய புலவர் பெயரும், கூற்றுக் குறிப்பும் (யார், எந்தச் சூழலில் பேசுகிறார் என்று பாட்டோடு சேர்த்திருக்கும் வரி) வேண்டாம். 10 நிமிடம் யாரும் பேசாமல் எழுதட்டும்: பேசுவது யார், யாரிடம், எந்த நேரத்தில்? பாட்டு சொல்லாமல் விட்டது எது? புலவர் ஐயாவும் எழுத வேண்டும், அது முக்கியம். பேசுகிறவன் ஆண் என்றுதான் முக்கால்வாசிப் பேர் எழுதுவார்கள். பாட்டில் அதற்கு ஆதாரமே இல்லை. ‘யானும் நீயும்’ என்பதில் ஆண்பாலும் தெரியாது, பெண்பாலும் தெரியாது.

ஜெர்மன் கோட்பாட்டாளர் வொல்ஃப்காங் ஐசர் 1976இல் எழுதிய நூலில் சொல்லும் இடைவெளி இதுதான். நிரப்புவது வாசகர்; ஆனால் எங்கே இடைவெளி விடுவது என்பதைப் பிரதி தீர்மானிக்கிறது.

உசிலைப் பக்கம்:
அக்கா, இரண்டாவது தாளில் கூற்றுக் குறிப்பைக் கொடுங்க: ‘பிரிவர் எனக் கருதி அஞ்சிய தலைமகள் குறிப்பு வேறுபாடு கண்டு தலைமகன் கூறியது’. பாட்டு அப்படியே திரும்பிடும். கல்யாண வாழ்த்து மாதிரி இருந்தது, பயந்து நிற்கிற பெண்ணைத் தேற்றுகிற பேச்சாகிடும். ‘கலந்தனவே’ என்று இறந்தகாலத்தில் முடிகிறதுக்கும் ஒரு வேலை வந்துடும். நடந்து முடிஞ்சது, இனி மாற்ற முடியாதுன்னு அவன் அடிச்சுச் சொல்றான்.

ஆனா அதை ‘சரியான விடை’ன்னு கொடுத்துடாதீங்க. அந்தக் குறிப்பு பாட்டுக்குள்ளே இல்லை. தொகுத்தவங்களோ பின்னால வந்தவங்களோ சேர்த்தது. அதாவது நமக்கு முந்தின ஒரு வாசகரோட பதில். இறைச்சின்னா பாட்டுக்குள்ளே மறைஞ்சு நிற்கிற குறிப்புப் பொருள். அதில் பிறக்கும் பொருள் ‘தெரியுமோர்க்கே’, அதாவது ஆராய்ந்து அறிகிறவங்களுக்குத்தான்னு தொல்காப்பியம் முடிக்குது. வாசகருக்குப் பங்கு உண்டு, ஆனா பயிற்சி உள்ள வாசகருக்கு. பாரிஸிலிருந்து வந்துதான் இதைக் கற்றுக்கணும்னு இல்லை.

ஒரு சோதனை சொல்றேன். எங்க பக்கம் செம்மண். மழை பெய்து ஓடுற தண்ணியைக் குடத்தில் பிடிச்சு அசையாம வச்சா, மறுநாள் மண் அடியில் தங்கி மேலே தெளிஞ்சிடும். ‘பிரிக்கவே முடியாது’ன்னு பாட்டில் ஒரு சொல்லும் இல்லை, அது நாம போட்டது. கூட்டத்தில் ஒருத்தர் இதைக் கேட்டா தட்டிவிடாதீங்க. தலைவி பயப்படுறதும் அதுக்குத்தானே? தேற்றுவதற்காக அவன் எடுத்த உவமைக்குள்ளேயே அவளோட பயமும் கிடக்கு.

கரிசல்காடு:
மேலே சொன்னது நல்ல வாசிப்பு. காரணம், அது ‘நீர் போல’ என்ற உவமையில் பிடித்து, குறிப்பில் உள்ள அச்சத்தோடும் போய்ச் சேருகிறது. எல்லா வாசிப்புக்கும் இந்தத் தகுதி கிடைக்காது. குறுந்தொகை முதல் பாட்டில் ‘செங்களம்’ போர்க்களம். அதை வைத்து, செம்புலமும் ரத்தம் படிந்த நிலம் என்று ஒருவர் சொல்லலாம். ஓர் அடியில் எழுந்த பொருளை மற்ற அடிகள் தாங்குகின்றனவா என்று பார்க்கச் சொல்வார் இத்தாலிய எழுத்தாளர் உம்பர்த்தோ எக்கோ. தாய், தந்தை, கேளிர், மழை, நெஞ்சம் என எதுவும் போருக்குக் கை கொடுக்கவில்லை. தள்ளிவிடலாம்.

ஆனால் இந்த அளவுகோலும் முழுக் காவல் இல்லை. அமெரிக்க விமர்சகர் ஸ்டான்லி ஃபிஷ் 1971இல் ஒரு வேலை செய்தார். முந்தைய வகுப்புக்காகக் கரும்பலகையில் எழுதியிருந்த மொழியியலாளர் பெயர்ப் பட்டியலைச் சமயக் கவிதை என்று அடுத்த வகுப்பிடம் சொன்னார். அந்த மாணவர்கள் வரிக்கு வரி பொருள் சொன்னார்கள். பழகிய கூட்டத்துக்கு எதிலும் ஆதாரம் கிடைக்கும். உங்கள் கூட்டம் கலவையாக இருப்பது அந்த வகையில் லாபம். தமிழாசிரியர்களை ஒரே பக்கமாக உட்கார விடாதீர்கள்.

நேரக் கணக்கு: எழுத 10 நிமிடம், வாசித்துக் காட்ட 25, குறிப்புத் தாளுக்கு 10, விவாதம் 35, கடைசி 10 உரைக்கு. உரை முன்னால் வந்தால் மற்ற 80 நிமிடமும் வீண். கைப்பேசிகளை முதல் 35 நிமிடம் மேசைமேல் வைக்கச் சொல்லுங்கள். பாட்டின் முதல் சொல்லைத் தட்டினாலே உரை வந்து விழும்.

திருமங்கலம் வாசகி:
நன்றி. இதே முறையில் அதற்கடுத்த மாதம் குறுந்தொகை 2, ‘கொங்குதேர் வாழ்க்கை’ எடுக்கலாமா?

பல்கலைநகர்:
மதுரைச் சுற்றுவட்டாரத்தில் அந்தப் பாட்டுக்குப் புலவர் பெயரை மறைப்பது வெட்டிவேலை. ‘அஞ்சிறைத் தும்பி’ என்றதும் தருமி, நக்கீரர், பொற்றாமரைக் குளம், 1965 ‘திருவிளையாடல்’ படம் எல்லாம் வரிசையாக வந்து நின்றுவிடும். வாசகன் முன்பே மனசில் கொண்டுவரும் இதை ஜெர்மன் கோட்பாட்டாளர் யாவ்ஸ் வாசகரின் எதிர்பார்ப்பு எல்லை என்பார். மறைக்காமல் அதையே முதல் தாளில் வையுங்கள்: ‘இந்தப் பாட்டைப் பற்றி உங்களுக்கு ஏற்கெனவே தெரிந்ததை எழுதுங்கள்.’ பாட்டு இரண்டாவது தாளில். கூந்தல் மணத்தை நக்கீரர் உண்மைச் செய்தியாக எடுத்துக்கொண்டு வழக்காடினார். பாட்டிலோ காதலன் ஒரு வண்டிடம் பேசிக்கொண்டிருக்கிறான். இரண்டு தாளையும் பக்கத்தில் வைத்தால் விவாதத்துக்கு 35 நிமிடம் போதாது, 45 ஒதுக்குங்கள்.