டக்கானின் கல்வட்டம்: உங்களை உறுத்திய இடம் எது?

பிளேன்ஸ்கேப் டார்மென்ட் என்ற கணினி விளையாட்டை முடித்து ஆறு வருடம் ஆகிறது. ஒரே ஒரு இடம் இன்னும் என்னை விடவில்லை. அதில் நாம் ஆடும் நாயகன் நினைவிழந்தவன், செத்தாலும் திரும்ப எழுபவன். டக்கான் அவனோடு வரும் கித்ஸெராய் இன வாள்வீரர். வட்டம் என்பது அவர் வைத்திருக்கும், வளையங்கள் கோத்த கல்; அவர் இனத்தின் ஆசான் ஸெர்த்திமோனின் பாடங்கள் அதில் இருக்கும். ஆடாதவர்கள் இத்துடன் நிறுத்திக்கொள்ளுங்கள், முடிவு உடையும்.

ஒரு வாரம் படித்தேன் அந்த வட்டத்தை. வேலை முடிந்து வந்து, இரவுக்கு ஒரு வளையம். படித்ததன் பொருளை டக்கான் கேட்பார், நான் சொல்வேன். அந்த விளையாட்டில் 'அறிதல்' என்ற சொல்லை மட்டும் இரண்டு நட்சத்திரக் குறிகளுக்கு நடுவில் போடுவார்கள். மூன்றாவது நாள் எனக்கே அந்தச் சொல் வேறு கனத்தில் கேட்க ஆரம்பித்தது. கடைசியில் அவரே அறியாத ஒரு பகுதி வளையங்களுக்குள் ஒளிந்திருக்க, அதை நான் திறந்து, அவருக்கு நான் சொல்லிக்கொடுத்தேன். ஒரு விளையாட்டில் அவ்வளவு பெருமையாக நான் உட்கார்ந்திருந்தது அன்றைக்குத்தான்.

அப்புறம் விளையாட்டின் கடைசி இடம், வருத்தங்களின் கோட்டை. என் முந்தைய பிறவிகளில் ஒருவன், ஈவிரக்கமில்லாத அந்தக் கணக்குக்காரன், எதிரில் நின்று சொல்கிறான்: அந்தக் கித்ஸெராயின் வாள் எனக்கு வேண்டியிருந்தது, அதனால் வட்டத்தை உண்டாக்கினேன் என்று. நம்பிக்கை இழந்து லிம்போ என்ற குழப்ப உலகில் மூழ்கிக்கொண்டிருந்த டக்கானின் கையில் அதைத் திணித்து, 'நீ சாகும்வரை உன்னோடு வருவேன்' என்று சத்தியம் வாங்கிக்கொண்டான். வாங்கியவனோ சாகவே முடியாதவன்.

ஒரு வாரம் நான் தலைமேல் வைத்துப் படித்த பாடத்தை எழுதிய கையும் என் கைதான். எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன். அன்று இரவு மேற்கொண்டு ஆடவில்லை.

மறுமொழி 1

உங்கள் வருத்தம் புரிகிறது. ஆனால் வட்டமே பொய் என்ற தொனியில் எழுதியிருப்பது சரியில்லை. ஸெர்த்திமோன் அந்தக் கணக்குக்காரன் கண்டுபிடித்த ஆள் இல்லை. மூளை தின்னும் இல்லித்திட்களின் அடிமைத்தளையை உடைத்தது, பிறகு அந்தக் கிளர்ச்சியின் தலைவி கித் எல்லா இனங்களையும் அழிக்கப் புறப்பட்டபோது அவளை எதிர்த்து நின்றது, 'இரண்டு வானங்கள் இருக்க முடியாது' என்று மக்கள் கித்யாங்கி, கித்ஸெராய் என இரண்டாகப் பிரிந்தது, இவை அந்த இனம் முழுதுக்கும் சொந்தமான வரலாறு. கித்ஸெராய் இனமே டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் மேசை விளையாட்டில் 1981லேயே அச்சில் வந்துவிட்டது. டார்மென்ட் வந்தது 1999ல்.

லிம்போவையும் மறக்காதீர்கள். அங்கே நிற்கத் தரை கிடையாது. மண்ணும் நெருப்பும் நீரும் காற்றும் கலங்கிக் கிடக்கும் குழம்பில், மனதை ஒருமுகப்படுத்தித்தான் அவர்கள் ஊரையே நிறுத்தி வைத்திருக்கிறார்கள். அந்த ஊரில் சந்தேகம் வந்தால் காலடி கரைந்துவிடும். டக்கானின் ஊரான ஷ்ராக்ட்லோர் அப்படித்தான் விழுந்தது. அந்த நிலையில் டக்கானுக்குத் தேவைப்பட்டது பிடித்துக்கொள்ள ஒரு சொல். கிடைத்தது, பிழைத்தார். சொல்லை யார் எழுதினால் என்ன?

என் அனுபவம் என்று பெரிதாக ஒன்றுமில்லை. 'சதையால் எஃகைக் கீற முடியாது, எஃகு சதையைக் கீறும்' என்ற இடம்தான். அப்பா மருத்துவமனையில் இருந்த மாதம் அதைப் படித்தேன்.

மறுமொழி 2

நான் எதிர்ப்பக்கத்திலிருந்து வந்தவள். பால்டர்ஸ் கேட் 3 விளையாட்டில் லேஸெல் என்ற கித்யாங்கி வீராங்கனையோடு சுற்றியதால் கித்யாங்கிதான் எனக்குப் பழக்கம். தலைக்குள் புகுந்த இல்லித்திட் புழுவை நீக்க, தன் இனத்தின் முகாமுக்குப் போய் அந்தச் சுத்திகரிப்பு இயந்திரத்தில் படுக்கிறாள் இல்லையா, அந்த இடம். வலியில் துடிக்கும்போதும் இது தன்னைக் காப்பாற்றத்தான் என்று நம்பிக்கொண்டே கிடப்பாள். அது கொல்வதற்கான இயந்திரம். மேலே போனால் கித்யாங்கி அரசி விளாக்கித், உயர்வு தருகிறேன் என்று அழைத்து வலிமையான வீரர்களின் ஆன்மாக்களை விழுங்குகிறவள்.

டக்கானை அதற்குப் பிறகுதான் சந்தித்தேன். பிரிந்து போன இரண்டு கிளைகளும் கடைசியில் ஒரே மாதிரி ஏமாற்றப்பட்டிருக்கின்றன என்று தெரிந்தபோது என்னவோ போல் ஆகிவிட்டது.

மறுமொழி 3

நான் முதல் தடவை வட்டத்தைப் படிக்கவே இல்லை. சண்டைக்காரனாக ஆடி முடித்துவிட்டேன். டக்கான் கடைசிவரை ஒரு வாளோடு பக்கத்தில் நடந்த ஆளாகவே போய்விட்டார். ஐந்து வருடம் கழித்து ஒரு நண்பர் சொல்லித்தான் என்ன இழந்தேன் என்று தெரிந்தது.

அதனால் புதிதாக ஆரம்பிப்பவர்களுக்குச் சொல்கிறேன். தொடக்கத்தில் பங்கிட 21 புள்ளி கிடைக்கும். உடல் வலிமையில் கொட்டாதீர்கள். ஞானத்தில் முதலில் போடுங்கள், அடுத்தது அறிவு. ஞானம் உயர்ந்தால் பழைய நினைவுகள் திரும்பும், அனுபவப் புள்ளியும் கூடும். விளையாட்டு தொடங்கும் பிணவறையை விட்டு வெளியே வந்ததும் நேராக அந்த மதுக்கடைக்குப் போய் டக்கானைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு வளையத்துக்கும் பிறகு அவரிடம் பேசுங்கள், பதிலை அவசரத்தில் அழுத்தாதீர்கள். முக்கியமாக, அவர் வாளைப் பற்றிய வரிகளைத் தாண்டிப் போகாதீர்கள். அந்த வாளின் காராக் உலோகம் ஏந்துபவரின் மனம் எப்படியோ அப்படியே வடிவம் மாறும். மனம் கலங்கினால் மழுங்கிப்போகும், தெளிந்தால் கூராகும். அவர் வாயால் சொல்லாததை அந்த வாள் சொல்லும். இன்னொன்று, அவர் அடிமைப்பட்ட கதையைக் கேட்காமல் விட்டுவிடாதீர்கள். கேட்கக் கஷ்டமாக இருக்கும், இருந்தாலும் கேளுங்கள்.

மறுமொழி 4

'யார் எழுதினால் என்ன' என்று முதலில் பதில் சொன்ன அண்ணாவுக்கு. நிறைய இருக்கிறது அண்ணா. அடிமைத்தளையை உடைத்த ஒருவரின் பெயரைச் சொல்லி, அவர் வழியில் வந்த ஒருவரை அடிமையாக்கியிருக்கிறான். பசித்தவனுக்குச் சோறு போட்டுவிட்டுக் காலில் சங்கிலி மாட்டுவது போல. சோறு நல்ல சோறாகவே இருக்கட்டும், சங்கிலி சங்கிலிதானே?

எனக்கு நின்ற இடம் சின்னது. நான் உன்னை விடுவிக்கிறேன் என்று அவரிடம் சொல்லிப் பார்த்தேன். ஒன்றும் நடக்கவில்லை. அந்தச் சத்தியத்தை என் சொல் தொடவே இல்லை, என் சாவுதான் முடித்து வைக்கும். மூன்று தடவை பழைய சேமிப்புக்குத் திரும்பிப் போய், வேறு வேறு விதமாகச் சொல்லிப் பார்த்தேன்.

தொடங்கியவர்

எல்லோருக்கும் நன்றி. முதல் பதில் எழுதிய அண்ணா, அப்பா இப்போது எப்படி இருக்கிறார்? நீங்கள் சொன்னதை ஒப்புக்கொள்ள முடியவில்லை, ஆனால் அந்த மாதத்தில் அந்த வரி உங்களுக்குக் கைகொடுத்தது என்பதை மறுக்கவும் முடியவில்லை. நான்காவது பதில் நான் சொல்லத் தெரியாமல் விட்டதைச் சொல்லிவிட்டது.

நேற்று இரவு மறுபடி ஆரம்பித்தேன். பிணவறை மேசையில் எழுந்து, வெளியே வந்து, அந்த மதுக்கடை வாசல்வரை போய்விட்டேன். உள்ளே அவர் நிற்பார். இன்னும் கதவைத் திறக்கவில்லை.