ஒரே லாகின், பல தளங்கள்: உங்களுக்கு நடந்ததைப் பகிருங்கள்

பிரிக்பீல்ட்ஸ் வாசி:
இரண்டு வருடமாக மனதில் கிடக்கிறது, எழுதிவிடுகிறேன். ஒரு பயிற்சி மையத்துக்கு மூன்று தளங்கள், ஒரே லாகின். திறந்த அன்று காலை முகப்பில் இருந்த தங்கச்சி கூப்பிட்டு, "அண்ணா, நம்ம தமிழ்ப் பிள்ளைங்க யாருக்கும் உள்ள போகமாட்டேங்குது. மத்தவங்களுக்கெல்லாம் வருது" என்றார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. எஃப்12 தட்டி பிரவுசரின் டெவலப்பர் கருவியைத் திறந்து, நெட்வொர்க் டேபில் 'ப்ரிசர்வ் லாக்' போட்டுவிட்டு ஒரு மாணவியை லாகின் செய்யச் சொன்னேன். சிவப்பாக ஒரு வரி, 404, அதாவது அப்படி ஒரு பக்கம் இல்லை. அந்த முகவரிக்குள் அவள் பெயர், மலேசிய அடையாள அட்டையான மைகார்டில் இருக்கிறபடியே, 'மகள்' என்று பொருள்படும் 'ஏ/பி' சேர்த்து.

லாகின் முடிந்ததும் பெயரை முகவரியில் வைத்து அடுத்த தளத்துக்கு அனுப்பியிருந்தேன். சாய்வுக்கோட்டை என்கோட் செய்து, '%2F' என்று மாற்றித்தான் அனுப்பினேன். ஆனால் அப்பாச்சி சர்வர் அப்படி வருகிற முகவரியை, நாம் அமைப்பை மாற்றாதவரை, 404 என்று திருப்பிவிடும். என் பெயரிலும் 'மகன்' என்னும் 'ஏ/எல்' இருக்கிறது. சோதனைக்கு நான் போட்டதோ 'டெஸ்ட் 1', 'டெஸ்ட் 2'.

பக்கத்தில் நின்று திரையைப் பார்த்த அந்தப் பிள்ளை, "என் பேர்ல என்ன சார் தப்பு?" என்று கேட்டாள்.

செந்தூல் நிரலர்:
அண்ணா, வருத்தம் புரிகிறது. ஆனால் குற்றத்தை அப்பாச்சி மேல் போடாதீர்கள். பெயரை அடையாளமாக வைத்ததுதான் பிழை. ஒரே லாகினுக்கான ஓப்பன்ஐடி கனெக்ட் விதி தெளிவாகச் சொல்கிறது: டோக்கனை (லாகின் ஆனதும் தரப்படும் மின் சீட்டை) வழங்கியவர் யார் என்பதும் அதிலுள்ள 'சப்' என்ற பயனர் அடையாளமும் சேர்ந்தால்தான் ஒருவரை நம்பி அடையாளம் காணலாம். பெயரும் மின்னஞ்சலும் எப்போது வேண்டுமானாலும் மாறும்.

என் கதை சின்னது. லாகின் சுற்றிச்சுற்றி வருகிறது என்று ஒரு வாடிக்கையாளர் ஹார் கோப்பை எடுத்து, நாற்பது பேர் உள்ள வாட்ஸ்அப் குழுவில் போட்டார். திறந்தேன். அவர் லாகின் செய்திருப்பதைக் காட்டும் செஷன் குக்கி அப்படியே இருந்தது. அதை என் பிரவுசரில் ஒட்டினேன், அவராக உள்ளே நுழைந்துவிட்டேன். கை நடுங்கியது.

யாரும் கேட்கவில்லை என்றாலும் சொல்கிறேன். ஹார் கோப்பு என்பது நெட்வொர்க் டேபில் ஓடியதன் முழுப் பதிவு. குக்கி, டோக்கன், சில நேரம் கடவுச்சொல்கூட அதில் இருக்கும். 2023 செப்டம்பர் இறுதியிலும் அக்டோபரிலும், லாகின் சேவை தரும் ஒக்டா நிறுவனத்தின் உதவிப் பிரிவுக்குள் புகுந்தவர்கள், வாடிக்கையாளர்கள் அனுப்பிவைத்த இதே வகைக் கோப்புகளிலிருந்துதான் செஷன் டோக்கன்களை எடுத்தார்கள். இப்போதைய குரோம் குக்கிகளை நீக்கிவிட்டுத்தான் சேமிக்கிறது. அதை நம்பி இருந்துவிடாதீர்கள். அனுப்பும் முன் கோப்பைத் திறந்து தேடுங்கள், அப்புறம் எல்லாத் தளத்திலும் லாகவுட் செய்யுங்கள். ஜேடபிள்யூடி என்ற வகை டோக்கனும் பொதுவாகப் பூட்டு இல்லை. பேஸ்64 என்ற எழுத்து மாற்றத்தைப் பிரித்தால் யார் வேண்டுமானாலும் படிக்கலாம்.

பிரிக்பீல்ட்ஸ் வாசி:
தம்பி, நான் அப்பாச்சியைக் குற்றம் சொல்லவில்லை. எங்கே நின்றது என்று சொன்னேன். அன்றே மாற்றிவிட்டேன். அந்தக் கேள்விதான் இன்னும் போகவில்லை.

ஜெலுத்தோங்காரி:
லாகவுட் என்றதும் ஞாபகம் வந்துவிட்டது. பினாங்கில் ஒரு பொதுக் கணினி. எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்த அம்மா கவனமாக லாகவுட் அழுத்தினார், வெளியேறிவிட்டதா என்று இரண்டு முறை பார்த்துவிட்டுத்தான் எழுந்தார். நான் அதே லாகினில் ஓடும் வேறொரு தளத்தைத் திறந்தேன். கடவுச்சொல்லே கேட்கவில்லை. "வணக்கம்" என்று அவர் பெயர், கீழே அவருடைய மருத்துவச் சந்திப்பு, எந்தப் பிரிவு என்பது முதற்கொண்டு.

அவர் மூடியது அந்த ஒரு தளத்தை மட்டும். பொது லாகினின் குக்கி அதன் சொந்த டொமைனில் உயிரோடு இருந்தது. அப்ளிகேஷன் டேபைத் திறந்து நானே அழித்தேன்.

வெளியே ஓடிப் போய்ப் பார்த்தேன், அவர் பஸ் ஏறிவிட்டார். நான் படித்துவிட்டேன் என்பது அவருக்குத் தெரியாது.