ஜப்பானில் உடை, சடங்கு, பள்ளி விதிகள்: புதிதாக வந்தவர்களுக்கு

ஏழு வயது மகளின் தோட்டைக் கழற்றிவிட்டு அனுப்பும்படி பள்ளியில் சொன்னதாகவும், அதை நம் வழக்கத்துக்கு நேர்ந்த அவமதிப்பாக எடுத்துக்கொள்வதா என்று புரியவில்லை என்றும் ஒரு சகோதரி கேட்டிருந்தார். அவமதிப்பு அல்ல என்பதே என் கருத்து. இங்கே காது குத்திக்கொள்வது பெரும்பாலும் வளர்ந்தவர்கள் தாமாக முடிவு செய்துகொள்ளும் அலங்காரம். கைக்குழந்தையைத் தாய்மாமன் மடியில் உட்கார வைத்துக் காது குத்தும் சடங்கை வகுப்பாசிரியர் கேள்விப்பட்டே இருக்க மாட்டார். ஆகவே அதை நான்கு வரியில் ஜப்பானிய மொழியில் எழுதி, பள்ளிக்கும் வீட்டுக்கும் இடையே போய்வரும் ரென்ராகுச்சோ குறிப்பேட்டில் வைத்து அனுப்பி, நேரில் பேச நேரம் கேளுங்கள். என் மகளுக்கு, உடற்பயிற்சி வகுப்பில் மட்டும் தோட்டின்மேல் பிளாஸ்திரி ஒட்டினால் போதும் என்று இசைந்தார்கள். எல்லாப் பள்ளிகளும் இசையும் என்று உறுதி கூற மாட்டேன்.

விதிகள் மாறாதவையும் அல்ல. இயல்பிலேயே பழுப்பு முடி கொண்ட தன்னைக் கறுப்புச் சாயம் பூசும்படி பள்ளி வற்புறுத்தியதாக ஒசாகா மாணவி ஒருவர் 2017இல் வழக்குத் தொடுத்தார்; 2021இல் அவருக்கு 3,30,000 யென் இழப்பீடு தீர்ப்பானது, ஆனால் முடி பற்றிய விதி தவறு என்று நீதிமன்றம் சொல்லவில்லை. மறு ஆண்டு ஏப்ரலிலிருந்து தோக்கியோ மாநகர அரசின் உயர்நிலைப் பள்ளிகள் அத்தகைய விதிகளைக் கைவிட்டன.

பெரியவர்களுக்கு எழுதி வைத்த விதி குறைவு என்பதால்தான் தடுமாற்றம் அதிகம். அழைப்பிதழில் "ஹெய்ஃபுகு" அணிந்து வாருங்கள் என்றிருந்தால், அகராதியைப் பார்த்துவிட்டுச் சாதாரண உடையில் போய்விடாதீர்கள். அடர்நிறக் கோட்டு சூட்டைத்தான் எதிர்பார்க்கிறார்கள். துக்கத்துக்கு வெள்ளை கூடாது, முழுக் கறுப்பு வேண்டும். முத்துமாலை அணிந்தால் ஒற்றைச் சரம்தான், ஏனெனில் இரட்டைச் சரம் துக்கம் மீண்டும் வருவதைக் குறிக்கும் என்பார்கள். யுகாதாவோ (கோடைக்கால மெல்லிய பருத்தி கிமோனோ) கிமோனோவோ உடுத்தும்போது இடப்பக்க மடிப்பு மேலே வர வேண்டும். வலப்பக்கம் மேலே வருமாறு உடுத்துவது இறந்தவர்களுக்கு.

இயக்குநர் ஓசுவின் 1953ஆம் ஆண்டுப் படமான ‘தோக்கியோ மோனோகதாரி’யில் (தோக்கியோ கதை), தாய் சாகக் கிடக்கிறாள் என்ற செய்தி கிடைத்ததும் மூத்த மகள் துக்க உடையையும் எடுத்துக்கொண்டு பெற்றோரின் ஊரான ஒனோமிச்சிக்குப் புறப்படுகிறாள், இறுதிச் சடங்கு முடிந்து சாப்பிடும்போதே தாயின் ஒபியையும் (கிமோனோவின் இடைப்பட்டை) கிமோனோவையும் நினைவுப்பொருளாகக் கேட்கிறாள். கல்நெஞ்சக்காரி என்றுதான் முதலில் நினைத்தேன். இங்கே சில ஆண்டுகள் வாழ்ந்த பிறகு, கடைசி நாளில் கூட உரிய உடையில்லாமல் நிற்கக் கூடாது என்ற அச்சத்தையும், தாயின் துணி தன்னிடம் வர வேண்டும் என்ற ஆசையையும் அதே மகளிடம் காண்கிறேன். அந்த ஆசை இன்றும் இருக்கிறது: இருபது வயதை எட்டியதைக் கொண்டாடும் விழாவுக்குத் தாயின் பழைய ஃபுரிசொதேயை (நீண்ட கைகள் கொண்ட கிமோனோ) திருத்தித் தைத்து உடுத்தும் பெண்கள் பலர். என் அண்டை வீட்டு அம்மையார் தம்முடையதைக் காகித உறையிலிருந்து பிரித்துக் காட்டியபோது வந்த கற்பூர வாசனை, என் அம்மாவின் கூறைப்புடவைப் பெட்டியைத் திறந்தது போலவே இருந்தது.

எனவே பட்டுப்புடவைகளை ஊரிலேயே விட்டுவிட்டு வராதீர்கள். ஏப்ரலில் நடக்கும் பள்ளிச் சேர்க்கை விழாவுக்குத் தாய்மார்கள் வெளிர்நிற சூட்டிலும் கிமோனோவிலும் வருவார்கள்; மென்னிறப் புடவை அங்கே நன்றாகப் பொருந்தும். உள்ளே போட்டுக்கொள்ள வீட்டுச் செருப்பு ஒரு ஜோடியும், கழற்றிய காலணியைப் போட்டுக்கொள்ள ஒரு பையும் கொண்டு போங்கள், அரங்கின் தரை ஏப்ரலிலும் சில்லென்று இருக்கும்.