டிப்பர் அடிச்சால் காசு கட்டுறது ஆர்? கொம்பனியோட பேசித் தீர்க்கிறதா, கோட்டுக்குப் போறதா?

முறிகண்டிச் சந்தி:
ஒரு உதாரணத்தை வைத்துக் கதைப்பம். ஏ9 வீதியில் இருட்டினாப் பிறகு சைக்கிளில் போன கமக்காரரை டிப்பர் பின்னால் அடிக்குது. தொடை எலும்பு முறிவு. இரண்டாம் கிழமை காப்புறுதிக் கொம்பனி ஆள் வாட்டுக்கு வந்து, "2 இலட்சம் தாறம், இதில கையெழுத்து வையுங்கோ" என்கிறார். அந்தத் தாளில் "முழுமையானதும் இறுதியானதுமான தீர்வு" என்று ஒரு வரி இருக்கும். அதில் கையெழுத்து வைத்தால் சாரதி, உரிமையாளர், கொம்பனி ஒருவரிடமும் பிறகு கேட்க ஏலாது. வைக்கவே கூடாது என்பது என் நிலைப்பாடு.

பரந்தன் 35:
உடன்பாடில்லை, அண்ணை. இந்தியாவில் இருக்கிற மாதிரி விபத்துக்கென்று தனித் தீர்ப்பாயம் இங்கே இலங்கையில் இல்லை. மாவட்ட நீதிமன்றத்தில் சாதாரண நட்டஈட்டு வழக்குத்தான். சாரதியின் கவனயீனத்தை நாங்கள்தான் நிரூபிக்க வேணும். வருசக்கணக்கில் இழுபடும். அந்த மனுசனுக்குக் காலபோக விதைப்பு போயிட்டுது, வீட்டில் அடுப்பு எரிய இப்பவே காசு வேணும். கையில் வாற 2 இலட்சத்தை ஏன் தள்ளுவான்?

முறிகண்டிச் சந்தி:
அவசரக் காசு வாங்குவதை நான் எதிர்க்கவில்லை. "இடைக்காலக் கொடுப்பனவு, என் உரிமையைப் பாதிக்காது" என்று எழுதி வாங்கட்டும். இரண்டாம் கிழமையில் அந்தக் காலின் கதி ஆருக்கும் தெரியாது. எலும்பு கோணலாகப் பொருந்தலாம், கால் கட்டையாகலாம், தகடு வைத்த இடத்தில் கிருமி பிடிக்கலாம். வரம்பில் இறங்கி வேலை செய்ய ஏலுமா என்பது மாதக்கணக்கு போன பிறகுதான் விளங்கும். நிரந்தர இயலாமை பற்றிச் சட்ட வைத்திய அதிகாரியின் அறிக்கை வர முதல் பேசுற தொகை வெறும் ஊகம்.

பரந்தன் 35:
சரி, வழக்கு வெல்லுது என்று வைப்பம். உரிமையாளர் பழைய விபத்துகளை மறைத்துப் பொலிசி எடுத்தவர், அதனால் பொலிசியே செல்லாது என்று கொம்பனி கடிதம் போட்டால்? உரிமையாளரிடம் லீசிங் டிப்பரைத் தவிர ஒன்றுமில்லை. தீர்ப்பைக் கண்ணாடி போட்டுச் சுவரில் மாட்டுறதா?

முறிகண்டிச் சந்தி:
அந்த இடத்துக்குத்தான் மோட்டார் வாகனச் சட்டத்தின் 105ஆம் பிரிவு இருக்கு. அது 1951ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சட்டம். மரணத்துக்கும் உடற்காயத்துக்கும் காப்புறுதி கட்டாயம். அந்தப் பொறுப்புக்காக உரிமையாளருக்கு எதிராகத் தீர்ப்பாணை வந்தால், பொலிசியைத் தவிர்க்கக் கொம்பனிக்கு உரிமை இருந்தாலும் காயப்பட்டவருக்குக் கட்ட வேணும். உரிமையாளருக்குப் போன நிராகரிப்புக் கடிதம் மட்டும் காயப்பட்டவரைக் கட்டுப்படுத்தாது. பொய் சொல்லி எடுத்த பொலிசி என்று கொம்பனி தப்ப வேணுமென்றால், நீதிமன்றம் போய் அப்படி அறிவிக்கும் கட்டளையைப் பெற வேணும்.

ஒட்டுசுட்டான் வாசகன்:
இரண்டு பேரும் 106ஆம் பிரிவைத் தொடாமல் போறியள். வழக்குத் தாக்கல் செய்ய முன், அல்லது தாக்கல் செய்து 7 நாளுக்குள், கொம்பனிக்கு வழக்குப் பற்றி அறிவித்தல் போக வேணும். போகாவிட்டால் 105இன் கீழ் ஒரு சதமும் இல்லை. நாள் எண்ணுறது வழக்குரை கோட்டில் கொடுத்த நாளிலிருந்து. எதிராளிக்குச் சம்மன்ஸ் போன நாளிலிருந்து என்று நினைத்துத்தான் ஆக்கள் தவறவிடுகினம். "உரிமையாளர் கொம்பனிக்குச் சொல்லியிருப்பார்" என்றும் இருக்கக் கூடாது.

பரந்தன் 35:
இதைத்தான் நானும் சொல்லுறன். ஒரு தபால் பிந்தினால் கொம்பனி தப்பிவிடும். கமக்காரரின் தலையில் இந்தப் பொறுப்பைக் கட்டின சட்டத்தை நம்பி, கையில் வந்த காசை விடச் சொல்லுறது நியாயமில்லை. சைக்கிளுக்குப் பின் லைற் இல்லாவிட்டால் அவரிலும் பிழை என்பினம்.

முறிகண்டிச் சந்தி:
என்பினம். ஆனால் 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் வந்த பிறகு பங்குப் பிழையால் வழக்கு விழாது, தொகைதான் குறையும். 10 இலட்சம் என்று கணித்து 30 வீதம் அவரில் பிழை என்றால் 7 இலட்சம் கிடைக்கும். உங்கட 2 இலட்சத்தோடு ஒப்பிடுங்கோ.
அவர் இறந்திருந்தால் வித்தியாசம் இன்னும் பெரிது. முன்னர் இறந்தவரின் உழைப்பில் தங்கியிருந்தவர்களின் வருமான இழப்பைத்தான் பெரும்பாலும் கணக்கெடுத்தவை. உழைக்காத பிள்ளையை இழந்த தாய்க்கு ஒன்றுமில்லாத நிலை. 2019ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கச் சட்டம் அன்பையும் அரவணைப்பையும் இழந்ததற்கும் நட்டஈடு கேட்க வழி திறந்தது.

பரந்தன் 35:
அந்த ஒப்பீட்டை ஏற்கிறன். ஆனால் பேச்சுவார்த்தை வேண்டாம் என்பதை ஏற்கமாட்டன். ஆவணங்களைச் சேர்த்து, சட்டத்தரணி மூலம் கோரிக்கைக் கடிதம் போட்டால் நல்ல தொகைக்கே தீரலாம்.

ஒட்டுசுட்டான் வாசகன்:
பேசுங்கோ, ஆனால் கலண்டரைப் பார்த்துப் பேசுங்கோ. நட்டஈட்டு வழக்குக்குக் காலவரையறை 2 வருசம். கொம்பனி "கோப்பு தலைமையகத்தில் இருக்கு" என்று இழுக்கும்போதும் அது ஓடும். நீதவான் நீதிமன்றத்தில் சாரதி குற்றத்தை ஒத்துக்கொண்டு தண்டம் கட்டினது நட்டஈட்டு வழக்காகாது, சான்றாக உதவும். அந்தப் பதிவின் பிரதியை எடுத்து வையுங்கோ.
பொலிஸ் வரைபடத்தில் மோதின இடம் வெள்ளைக் கோட்டுக்கு உள்ளேயா வெளியேயா என்று குறித்திருப்பதைப் பாருங்கோ, அதில்தான் வழக்கு நிற்கும். மோட்டார் வாகனப் பரிசோதகரின் பிரேக் அறிக்கையும் வேணும். வருமானத்துக்குக் கமநல சேவை நிலையப் பதிவும் நெல் விற்ற பற்றுச்சீட்டும் போதும், வாய்க்கணக்கு நிற்காது.
அறிவித்தலில் நீதிமன்றம், வழக்கு இலக்கம், வாகன இலக்கம், பொலிசி இலக்கம், விபத்துத் திகதி எல்லாம் இருக்கட்டும். பதிவுத் தபாலில் தலைமையகத்துக்கு அனுப்பி, தபால் துண்டைப் பிரதியோடு குத்தி வையுங்கோ. வழக்குத் தாக்கலுக்கு முன்னரே ஒன்றும், இலக்கம் கிடைத்த அன்றே இன்னொன்றும் அனுப்புறது பாதுகாப்பு.