பெருங்குடல் அகநோக்கல்: ‘சிக்கல்’ வேண்டாம், ‘ஊறு’ வைப்போம்

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

நாம் தொகுக்கும் மருத்துவச் சொல் அகராதியில் பெருங்குடல் அகநோக்கல் (கேமரா பொருத்திய குழாயை விட்டுப் பெருங்குடலின் உள்ளே பார்க்கிற பரிசோதனை) பகுதிக்கு இதுவரை வந்த சொற்களை எல்லாம் வாசித்தேன். பரிசோதனையின் பெயரைப் பற்றி இனி விவாதம் வேண்டியதில்லை. உள்நோக்கி, அகநோக்கி இரண்டும் புழக்கத்தில் இருக்கின்றன. நோயாளி எப்படியும் ‘கொலனாஸ்கோப்பி’ என்றோ ‘கேமரா டெஸ்ட்’ என்றோதான் சொல்லப்போகிறார். என் கவலை எல்லாம் அதில் நேரக்கூடிய கேடுகளுக்கு நாம் வைக்கிற சொற்கள் மேல். ஈரோடு பக்கம் ஒரு மருத்துவமனையில் ஒப்புதல் படிவத்தை நோயாளிக்கும் கூட வந்த ஒரம்பறைக்கும் (உறவினருக்கும்) வாசித்துக்காட்டிக் கையெழுத்து வாங்குவது என் வேலை. அகராதியில் ஒரு சொல் பிசகினால் அடுத்த பதிப்பில் திருத்திவிடலாம். படிவத்தில் பிசகினால், வீட்டுக்குப் போன ஆள் ராத்திரி வயிற்று வலியோடு திரும்பி வராமல் படுத்தே கிடப்பார்.

> complication-க்கு என்று தனியாக ஒன்றும் வேண்டாம், ‘சிக்கல்’ என்பதே போதும். எல்லோருக்கும் புரியும்.

மற்ற சிகிச்சைகளுக்கு ஒத்துக்கொள்வேன். குடலுக்கு ஆகாது. காங்கேயம் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் வந்திருந்தார், கூட மருமகள். ‘இந்தப் பரிசோதனையில் அரிதாகச் சில சிக்கல்கள் ஏற்படலாம்’ என்று வாசித்தேன். பெரியவர் கையைக் காட்டி நிறுத்தினார். “ஏனம்மிணி, அந்தச் சிக்கலுக்குத்தான நாங்க இங்க வந்ததே? அதே மறுக்காவும் வருமுன்னு எழுதியிருக்குதே?” என்றார். மருமகளும் தலையாட்டினார். அவர்கள் இரண்டு பேருக்கும் சிக்கல் என்றால் மலச்சிக்கல். வயிற்றைக் காட்ட வந்தவரிடம் அந்தச் சொல்லைச் சொன்னால் வேறு எதுவும் காதில் விழாது.

‘பின்விளைவு’ என்று கரூர் நண்பர் எழுதியிருந்தார். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் பொருள் பாதிதான் வருகிறது. கேடுகளில் சில பரிசோதனைக்கு முன்னாலேயே, குடலைக் கழுவ மருந்து குடிக்கும்போதே வந்துவிடுகின்றன: நீர்ச்சத்து இறங்குவது, உப்புச்சத்து குறைவது, பட்டினியோடு சர்க்கரை மாத்திரையும் போட்டுச் சர்க்கரை தாழ்ந்துபோவது. சோடியம் பாஸ்பேட் மருந்து சிலருக்குச் சிறுநீரகத்தையே கெடுத்ததால்தான் 2008-இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு அதற்குக் கடும் எச்சரிக்கை போடவைத்தது. இன்னும் சில, பரிசோதனை நடக்கும்போதே வருகின்றன. தூக்க ஊசியில் மூச்சு மந்தமாவதும் ரத்த அழுத்தம் இறங்குவதும் அந்த வகை. இதையெல்லாம் ‘பின்’விளைவு என்பது எப்படி? ‘பக்கவிளைவு’ மருந்துக்கு உரிய சொல். அதை அங்கேயே விட்டுவிடலாம்.

என் பரிந்துரை ‘ஊறு’. குறளிலேயே இருக்கிற சொல், ‘ஊறு விளைவிக்கும்’ என்று இன்றைக்கும் எழுதுகிறோம். படிக்காதவருக்குக்கூட ‘இடையூறு’ தெரியும். இன்னொரு வசதியும் உண்டு. ‘இடர்’ என்பதை வரக்கூடிய வாய்ப்புக்கு வைத்துக்கொள்ளலாம், ‘ஊறு’ என்பதை வந்துவிட்ட கேட்டுக்கு வைத்துக்கொள்ளலாம். குடலில் பொத்தல் விழுவது ஊறு. அது ஆயிரம் பேரில் ஒருவருக்கும் குறைவாகவே நேர்கிறது என்பது இடர். இந்த இரண்டையும் குழப்பினால், அரிதானது என்று சொல்ல வருவதை ஆபத்தே இல்லை என்று கேட்டுக்கொள்கிறார்கள்.

மேலே ‘பொத்தல்’ என்று எழுதியது தெரிந்தேதான். பட்டியலில் ‘குடல் துளை’, ‘குடல் துளைப்பு’ என்று இருக்கிறது. இதைத்தான் முதலில் மாற்ற வேண்டும் என்பேன்.

எங்கள் பக்கத்தில் ‘துளை’ நல்ல சொல். கோவையில் ‘நுண்துளை அறுவை சிகிச்சை’ என்ற போர்டுகளைப் பார்த்துப் பழகியவர்கள் நாங்கள். பித்தப்பைக் கல்லா, குடலிறக்கமா, நாலு சின்னத் துளை போட்டு மூன்றாம் நாள் வீட்டுக்கு அனுப்புவார்கள் என்று ஊரே அறியும். அப்படிப்பட்டவரிடம் ‘குடலில் துளை ஏற்படலாம்’ என்றால், சரி, அதுவும் வைத்தியத்தில் ஒரு பகுதி என்று தலையாட்டுவார். கையெழுத்தும் போட்டுவிடுவார். தமிழில் துளையை ஒருவர் போடுகிறார், பொத்தல் தானாக விழுகிறது. வினைச்சொல்லே வேறுபாட்டைக் காட்டிக்கொடுக்கிறது. சொட்டுநீர்ப் பாசனக் குழாயில் நாமே போட்டால் துளை, எலி கடித்தால் பொத்தல். ‘குடல்ல பொத்தல் விழுந்துருமுங்களா?’ என்று திருப்பிக் கேட்பவருக்கு விஷயம் புரிந்துவிட்டது என்று நம்பி அடுத்த வரிக்குப் போகலாம்.

பொத்தல் எப்படி விழுகிறது என்பதும் சொல்லுக்குப் பொருந்துகிறது. குழாய் இடப்பக்கக் குடலின் வளைவில் திரும்பும்போது அழுத்தி விழலாம். குடலை விரிக்கக் காற்றோ கரியமில வாயுவோ செலுத்துவார்கள். பெருங்குடல் தொடங்குகிற இடத்தில் சுவர் மிகவும் மெல்லியது, அங்கே உப்பி விழலாம். பாலிப்பை, அதாவது குடலின் உட்சுவரில் வளர்கிற சிறு சதையை, வெட்டின இடத்திலும் விழலாம். வெறுமே பார்த்துவிட்டு வருவதைவிட வெட்டி எடுக்கும்போது வாய்ப்பு அதிகம். சீக்கிரம் தெரிந்தால் சிறிய பொத்தலை அந்தக் குழாய் வழியாகவே கிளிப் போட்டு மூடிவிட முடியும். தாமதமானால் மலம் வயிற்றுக்குள் கசிந்து வயிற்றைத் திறக்க வேண்டிவரும். ஆகவே ‘பொத்தலடைப்பு’ என்றும் ஒரு சொல் பக்கத்திலேயே இருக்கட்டும்.

அடுத்தது, பாலிப்பை வெட்டியபின் வருகிற சுடுகாயம். 1969-இல் நியூயார்க்கில் ஷின்யா, வுல்ஃப் என்ற இரண்டு மருத்துவர்கள் கம்பிச் சுருக்கில் மின்சாரம் பாய்ச்சிப் பாலிப்பை அறுக்கும் முறையைக் கொண்டுவந்தார்கள். (‘சுருக்கு’ என்ற சொல்லை அனுப்பிய கோபிச்செட்டிபாளையம் நண்பருக்கு நன்றி, இதைவிடப் பொருத்தமாக அமையாது.) அந்தச் சூடு சில நேரம் வெட்டிய இடத்தோடு நிற்காமல் குடற்சுவர் முழுவதும் இறங்கிவிடும். பொத்தல் விழுந்திருக்காது. ஆனாலும் சில மணி நேரத்திலோ சில நாளிலோ காய்ச்சலும், ஒரே இடத்தில் குத்துகிற வயிற்று வலியும் வரும். பெரும்பாலும் குளுக்கோஸும் ஆன்டிபயாடிக்கும் ஏற்றி, குடலுக்கு ஓய்வு கொடுத்தாலே சரியாகிவிடும், கத்தி வேண்டாம். ஆனால் மருத்துவர் பார்த்தால்தான் அது பொத்தல் இல்லை என்று தெரியும்.

> இதற்குக் ‘குடற்சூடு’ என்று வைக்கலாமே. சுருக்கமாகவும் இருக்கிறது.

தயவுசெய்து வேண்டாம். சூடு என்றால் எங்கள் ஊரில் உடம்புச் சூடு. படிவத்தில் ‘குடற்சூட்டு வலி வரலாம்’ என்று இருந்தால் வீட்டில் என்ன நடக்கும் என்று எனக்கு நன்றாகத் தெரியும். தொப்புளில் விளக்கெண்ணெய் வைப்பார்கள், வெந்தயத்தை ஊறவைத்துக் கொடுப்பார்கள், ஓர் இளநீரை வெட்டிக் கையில் கொடுத்து ‘சூட்டு வலிதான், விடிஞ்சாச் சரியாப் போயிரும்’ என்பார்கள். அத்தனையும் அன்பில் செய்வதுதான். ஆனால் அந்த ஒரு ராத்திரி போய்விடும். ‘குடற்சுவர்ச் சுடுகாயம்’ என்று வைப்போம். நீளம்தான், இருந்தாலும் காயம் என்று கேட்டதும் யாரும் விளக்கெண்ணெயை எடுக்கமாட்டார்கள்.

நீராகாரத்தையும் இதே கண்ணோடு பாருங்கள். முந்தின நாள் குடிக்க வேண்டிய தெளிந்த பானங்களுக்கு அந்தச் சொல் பட்டியலில் இருக்கிறது. நீராகாரம் என்றால் இங்கே பழைய சோற்றுத் தண்ணீர். பருக்கை இரண்டு மிதக்கும், மோரும் கலந்திருக்கும். அதைக் குடித்துவிட்டு வந்தால் குடல் தெளியாது, பார்க்க வேண்டியது மறைந்துபோகும். ஒரே ஆளுக்கு அடுத்தடுத்து இரண்டு முறை குழாய் விட்டுப் பார்த்த ஆய்வுகளிலேயே முதல் முறையில் ஐந்தில் ஒரு பாலிப் கண்ணுக்குத் தப்பியிருக்கிறது. அடியில் மண்டியும் இருந்தால் சொல்லவே வேண்டாம். ‘தெளிபானம்’ என்று வைத்து, டம்ளரின் அடி தெரிய வேண்டும் என்று விளக்கத்தில் ஒரு வரி சேர்க்கலாம். இளநீர் ஆகும், மோர் ஆகாது, பால் விடாத டீ ஆகும்.

‘பாலிப்’ அப்படியே இருக்கட்டும். ‘கட்டி’ என்றால் புற்றுநோய் என்று அழத் தொடங்கிவிடுவார்கள், ‘முளை’ என்றால் மூலம் என்று எடுத்துக்கொள்வார்கள். மருத்துவரும் பாலிப் என்கிறார், மறுமுறை வருகிற நோயாளியும் பாலிப் என்றே சொல்கிறார். ‘மயக்கம்’ மட்டும் வேண்டாம். மருந்து குடித்துத் தலை சுற்றுவதும் மயக்கம், ஊசியில் கண் அசருவதும் மயக்கம் என்றால், போனில் கேட்கிற நர்ஸுக்கு எது என்று புரியாது. ஊசிக்குத் ‘தூக்க ஊசி’ போதும்.

இன்னும் எனக்குச் சொல் அமையாதது ஒன்று இருக்கிறது. பாலிப் எடுத்த இடத்தில் அன்றைக்கு ரத்தம் வராமல், ஒரு வாரம், சில நேரம் இரண்டு வாரம் கழித்து வருவது. ‘பிந்திய ரத்தக்கசிவு’ என்று திருப்பூர் அன்பர் கொடுத்திருக்கிறார். கசிவு என்றால் ஏதோ லேசாகக் கசிகிறது என்று தோன்றுகிறது. இதில் சிவப்பாகக் கட்டி கட்டியாகவே போகலாம். ‘ரத்தப்போக்கு’ என்றால் பெண்கள் மாதவிலக்கு என்று நினைக்கிறார்கள், ஆண்கள் தங்களுக்கு இல்லை என்று விட்டுவிடுகிறார்கள். ரத்தம் குறையாமல் போகும், அதுவும் பல நாள் கழித்துப் போகும், இரண்டும் ஒரே சொல்லில் தெரிய வேண்டும். படிவம் அடுத்த அச்சுக்குப் போவதற்கு முன்னால் உங்களில் யாருக்காவது தோன்றினால் எழுதுங்கள். வீட்டில் பெரியவர்கள் இருந்தால் அவர்களிடம் ஒருமுறை சொல்லிப் பார்த்து, என்ன புரிந்தது என்று கேட்டுவிட்டு அனுப்பினால் இன்னும் நல்லது.

அன்புடன்,
ஈரோட்டிலிருந்து