பொலீட்டு வகைக் காளானுக்குத் தமிழ்ப்பெயர்: "புழைக்காளான்" என்பதை முன்மொழிகிறேன்

மதிப்பிற்குரிய குழுவினருக்கு வணக்கம்.

கீழக்கரைச் சகோதரி தம் கடையில் விற்பதற்காக வரவழைத்த இத்தாலிய உலர்காளான் பொட்டலத்தின் மேல் தமிழில் என்ன பெயர் எழுதுவது என்று கேட்டிருந்தார். ஒரு வாரத்திற்குள் நான்கு சொற்கள் வந்துவிட்டன. பாம்பன் தம்பி "பஞ்சுக்காளான்" என்றார். தொண்டி ஐயா "துளைக்காளான்" என்றார். இத்தாலிய வழக்கை ஒட்டிப் "பன்றிக்காளான்" என்று ஒருவர் எழுதினார். பெயரை மாற்றாமல் "பொலீட்டு" என்றே வைத்துக்கொள்ளலாம் என்றார் மற்றொருவர். முப்பது ஆண்டுகள் தாவரவியல் கற்பித்தவன் என்ற முறையில் என் கருத்தைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் பொருளைப் பார்த்துவிடுவோம். சகோதரியின் பொட்டலத்தில் இருப்பது பொலீட்டு வகையைச் சேர்ந்த பொலீட்டசு எடுலிசு என்னும் இனமாகும். 1782இல் பிரெஞ்சுத் தாவரவியலாளர் பியர் புல்லியார் இதற்கு அப்பெயரைச் சூட்டினார். தவிட்டு நிறத்தில், நன்றாகச் சுட்ட ரொட்டியின் மேற்புறம் போலக் குடை இருக்கும். காம்பு தடித்து, அடிப்பக்கம் பருத்து, மேற்பகுதியில் வெண்ணிற வலைப்பின்னல் ஓடியிருக்கும். நம் ஊரில் மழைக்குப் பின் புற்றுக்காளான் பறித்தவர்கள் குடையைத் திருப்பினால் மீனின் செவுளைப் போல அடுக்கடுக்கான தகடுகளைக் கண்டிருப்பார்கள். பாடநூல்களும் அதைச் செவுள் என்றே சொல்கின்றன. மீன் வாங்கும்போது செவுளைத் தூக்கிப் பார்க்கும் இக்கரை மக்களுக்கு அச்சொல்லை விளக்கவேண்டியதே இல்லை. பொலீட்டு வகையிலோ குடையின் அடியில் செவுள் கிடையாது. ஆயிரக்கணக்கான நுண்ணிய குழாய்கள் செங்குத்தாக நெருங்கி நின்று, அவற்றின் வாய்கள் மட்டும் கீழ்நோக்கித் திறந்திருக்கும். அக்குழாய்களின் உட்சுவரில்தான் வித்திகள் விளைகின்றன. முற்றியதும் காற்றில் உதிர்கின்றன. ("வித்தி" என்ற இலங்கைப் பாடநூல் வழக்கையே நான் கையாள்கிறேன், கடலுக்கு அக்கரையில் இத்தனை நல்ல சொல் இருக்கும்போது நாம் "ஸ்போர்" என்று எழுதிக்கொண்டிருப்பது எனக்கு ஒப்பவில்லை.) இளங்காளானில் இக்குழாய்ப் படலம் வெண்மையாகவும், பின்பு மஞ்சளாகவும், முதிர்ந்தபின் பச்சை கலந்த பழுப்பாகவும் மாறும்.

பெயருக்கு அடிப்படையாக நான் கொள்ள விரும்பும் பண்பு இக்குழாய்ப் படலமே. தொண்டி ஐயாவின் "துளைக்காளான்" இதற்கு மிக அருகில் வருகிறது என்பதை மறுக்கவில்லை. ஆனால் பட்டமரத்தில் பலகை போல ஒட்டி வளரும் கெட்டியான காளான்களின் அடிப்புறமும் துளைமயமாகவே இருக்கிறது. அவற்றுக்கும் ஒரு பெயர் வேண்டும், அவற்றுக்குத் துளைக்காளான் என்பதே பொருந்தும். இரண்டையும் வேறுபடுத்துவது ஓர் எளிய சோதனை. மரத்துக் காளானின் துளைப்பகுதி சதையோடு ஒன்றிக் கிடப்பதால் அதைத் தனியே பிரிக்க இயலாது; பொலீட்டின் குழாய்ப் படலமோ, கட்டைவிரலால் நெம்பினால் பலாச்சுளையிலிருந்து கொட்டை கழல்வது போலக் குடையிலிருந்து தனியே கழன்று வந்துவிடும். முதிர்ந்த காளானைச் சமைக்கும் ஐரோப்பியர் பலர், வேகும்போது கொழகொழத்துப் போகும் என்பதற்காக அப்படலத்தைக் கழற்றி எறிந்துவிடுகின்றனர். எனவே துளை என்பது கண்ணுக்குத் தெரியும் வாய் மட்டுமே. இவ்வகையைத் தனிப்படுத்துவது அத்துளையின் பின்னால் நீண்டு செல்லும் குழாய்.

பாம்பன் தம்பியின் "பஞ்சுக்காளான்" எனக்கு மகிழ்ச்சி தந்தது. மன்னார் வளைகுடாவில் மூழ்கி எழுபவர்களின் கண்ணுக்கு இக்காளானின் அடிப்புறம் கடற்பஞ்சாகவே தோன்றும். ஆனால் மண்டபத்தைத் தாண்டி மேற்கே பரமக்குடிக்குப் போனாலே பஞ்சு என்பது பருத்தியாகிவிடும். காளானைப் பருத்தியோடு சேர்த்து நினைப்பவருக்கு மென்மையும் வெண்மையும் தோன்றுமேயன்றிக் குழாய் தோன்றாது. "பன்றிக்காளான்" என்பதைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. இத்தாலியர் இதைப் பன்றிக்குட்டியின் பெயரால் அழைப்பது அவர்களுக்குச் செல்லமாக இருக்கலாம். கீழக்கரையில் ஒரு பொட்டலத்தின் மேல் அச்சொல்லை அச்சிட்டால் வாங்க வந்தவர் அதைத் தொடவும் மாட்டார், உள்ளே இருப்பது வெறும் காளான் என்று எத்தனை முறை சொன்னாலும் பயனில்லை. செருமானியர் இதன் இறுகிய சதையைக் கருதிக் கல்லின் பெயரால் அழைக்கின்றனர். அதை யாரும் முன்மொழியவில்லை என்பதால் விட்டுவிடுகிறேன்.

இனி என் சொல்லுக்கு வருகிறேன். காளானுக்குத் தமிழில் ஆம்பி என்பது பழைய பெயர். குமணனைப் பாடிய புறநானூற்று 164ஆம் பாட்டில், சமைப்பதையே மறந்த அடுப்பில் ஆம்பி பூத்துக் கிடக்கிறது. சிறுபாணாற்றுப்படையில் வறியவனின் அட்டிலில் (சமையலறையில்), கறையான் அரித்த பழஞ்சுவர்ப் புழுதியில் "புழற்காளாம்பி" பூத்ததாகச் சொல்லப்படுகிறது. புழல் என்பது உள்ளே துளையுடையது, குழாய் போன்றது என்று பொருள்படும். கலைச்சொல் தேடிப் போன எனக்கு, ஈராயிரம் ஆண்டுகளாகக் காளானுக்கு அடைமொழியாகவே ஒரு சொல் காத்திருந்தது போலத் தோன்றியது. ஆனால் நேர்மையாக ஒன்றைச் சொல்லியாக வேண்டும்: புலவர் கண்டது பொலீட்டு அன்று. கறையான் அரித்த சுவரில் பொலீட்டு முளைக்காது. அவர் குறித்தது உட்கூடான மெல்லிய காம்புடைய ஏதோவொரு சிறு காளானாகவே இருக்க வேண்டும். ஆகவே "புழல்" என்ற சொல்லை நாம் காம்பிலிருந்து குடையின் அடிப்புறத்துக்கு இடம் மாற்றுகிறோம். கலைச்சொல்லாக்கத்தில் இத்தகைய இடமாற்றம் புதிதன்று. செய்கிறோம் என்று தெரிந்து செய்தால் போதும்.

"புழற்காளான்" என்றே முதலில் எழுதிப் பார்த்தேன். சென்னையில் இருக்கும் என் மகன் அதைப் படித்துவிட்டு, "சிறைச்சாலையில் வளர்க்கிறார்களா அப்பா?" என்று கேட்டான். புழல் என்றால் தலைநகரவாசிகளுக்கு ஏரியும் சிறையுமே நினைவுக்கு வரும் என்பதை நான் எண்ணிப் பார்க்கவில்லை. எனவே அதே வேரிலிருந்து கிளைத்த "புழை" என்பதைக் கொண்டு புழைக்காளான் என்கிறேன். இதிலிருந்து பிற சொற்களும் எளிதாகக் கிளைக்கின்றன: குழாய்க்குப் புழை, அதன் திறப்புக்குப் புழைவாய், கழற்றக்கூடிய அடுக்குக்குப் புழைப்படலம். "குழற்காளான்" என்றால் என்ன என்று சிலர் கேட்கலாம். பிழையில்லை, ஆயினும் குழல் என்றதும் கூந்தலும் ஊதுகுழலும் முந்திக்கொள்கின்றன.

எனக்கே தோன்றிய ஒரு தடையையும் முன்வைக்கிறேன். இக்குடும்பத்தைச் சேர்ந்த எல்லாக் காளான்களுக்கும் புழை இருப்பதில்லை. பில்லோபோரசு என்ற பேரினத்துக்குச் செவுளே இருக்கிறது. ஆகையால் புழைக்காளான் என்பது வடிவத்தைக் குறிக்கும் பொதுப்பெயராக நிற்கட்டும். குடும்பத்தைச் சுட்டும்போது பொலீட்டேசியே என்றே எழுதலாம். "பொலீட்டு" வேண்டும் என்றவரின் விருப்பமும் இதனால் பாதி நிறைவேறும்.

இக்காளான் நம் கடற்கரையில் கிடைக்குமா என்று ஒருவர் கேட்டிருந்தார். கிடைக்காது, அதன் காரணம் இன்னொரு கலைச்சொல்லை வேண்டி நிற்கிறது. இது வைக்கோலில் வளரும் சிப்பிக் காளானையோ பால் காளானையோ போன்றதன்று. பைன், ஓக், பீச், செசுநட் முதலிய உயிருள்ள மரங்களின் வேர்நுனியைப் பூஞ்சையிழைகளால் உறைபோல மூடி, வேரின் புறச்செல்களுக்கு உள்ளே நுழையாமல் அவற்றின் இடைவெளிகளில் மட்டும் வலை பின்னி வாழ்கிறது. மண்ணிலிருந்து நீரையும் பாசுபரசையும் நைட்ரசனையும் மரத்துக்குத் திரட்டிக் கொடுத்து, மரம் ஒளியால் ஆக்கிய சர்க்கரையைப் பெற்றுக்கொள்கிறது. இத்தகைய கூட்டுறவுக்கு 1885இல் செருமானியரான ஆல்பர்ட் பிராங்க் சூட்டிய பெயரின் நேர்ப்பொருள் "பூஞ்சை வேர்". வேர்ச்செல்லுக்கு வெளியே தங்கும் இவ்வகையைப் "புறப்பூஞ்சைவேர்" எனலாம். நம் பனையும் சீமைக்கருவேலமும் கொண்டிருப்பது வேர்ச்செல்லுக்குள்ளேயே நுழையும் வேறொரு பூஞ்சையின் உறவு என்பதால் இக்காளானுக்கு இங்கே குடியிருக்க வீடில்லை. நீலகிரியிலும் கொடைக்கானலிலும் நட்டு வளர்த்த பைன் தோப்புகளில், வழுவழுப்பான குடையுடைய சுயில்லசு என்ற உறவுக்காளானைக் காணலாம், அதுவும் புழைக்காளானே.

மர உறவு இல்லாமல் முளைக்காததால் பொலீட்டசு எடுலிசை இன்றுவரை யாரும் சிப்பிக் காளான் போலப் பண்ணையில் பயிரிட்டு விற்கவில்லை. சந்தைக்கு வருவதெல்லாம் காட்டில் பொறுக்கியதே. விலையின் உயரத்துக்கு அதுவும் ஒரு காரணம். ஆனால் எல்லாப் புழைக்காளான்களுக்கும் இவ்விதி பொருந்தாது. 1873இல் இலங்கையிலிருந்து ஆங்கிலேயப் பூஞ்சையியலாளர்களான பெர்க்லியும் புரூமும் விவரித்த, இன்று பிளிபோபசு போர்ட்டென்டோசசு எனப்படும் கரும்பழுப்புக் காளான் மரத்துணையின்றியும் முளைக்கும்; அதைத் தாய்லாந்திலும் சீனத்தின் யுன்னானிலும் வளர்க்கின்றனர்.

பொட்டலத்துக்குத் திரும்புவோம். பச்சைக் காளானில் ஏறத்தாழ 90 விழுக்காடு நீர் என்பதால், சீவி உலர்த்தியதும் எடை பத்தில் ஒன்றாகச் சுருங்கிச் சுவை செறிகிறது. மாசிக் கருவாட்டுத் துண்டு ஒன்று குழம்பு முழுவதற்கும் சுவையேற்றுவது போல, குளூட்டமிக் அமிலம் மிகுந்த இதன் துண்டு சிலவே போதும். வெந்நீரில் ஊறவைத்த தண்ணீரைக் கொட்டிவிடாமல், அடியில் தங்கும் மண்ணை மட்டும் வடித்து நீக்கி ஆணத்தில் (குழம்பில்) சேர்க்கும்படி சகோதரி பொட்டலத்திலேயே எழுதலாம்.

இனப்பெயராக "உண்புழைக்காளான்" என்பதை ஏற்கலாம். எடுலிசு என்பதற்கும் உண்ணத்தக்கது என்றுதான் பொருள். ஆனால் "உண்" என்ற அடையை இந்த ஓரினத்துக்கு அப்பால் நீட்டக்கூடாது. சிவந்த புழைவாய்களையுடைய ரூப்ரோபொலீட்டசு சாத்தானசு வயிற்றைக் கடுமையாகக் கெடுக்கும். இளஞ்சிவப்புப் புழைவாயும் காம்பில் கரிய வலைப்பின்னலும் கொண்ட டைலோபைலசு பெலியசு நஞ்சன்று, ஆனால் ஒரேயொரு காளான் விழுந்தாலும் சட்டி முழுவதும் கசந்துபோகும். அதற்குக் "கைப்புப் புழைக்காளான்" என்பது போதும். வெட்டினால் நீலம் பாரிப்பதெல்லாம் நஞ்சு என்ற நம்பிக்கையும் தவறு: நீலம் பாரிக்கும் புழைக்காளான்களில் உண்ணத்தக்கவையும் உள்ளன.

சகோதரி அனுப்பிய வரைவில் "காளான் சீவல்" என்றிருந்தது. அச்சிடுவதற்கு முன் அதை மட்டும் மாற்றிவிடுங்கள், அம்மா. இராமநாதபுரத்தில் சீவல் என்று எழுதினால் வெற்றிலையோடு சேர்த்துக் கேட்பார்கள். "உண்புழைக்காளான் வற்றல்" என்று எழுதலாம்.