முதல் சுயாதீனப் படம்: காசைக் கேமராவில் போடுவதா, ஆட்களுக்குக் கொடுப்பதா?

புதுவெளிச்சம்:
குறும்படங்களுக்குப் பிறகு முதல் முழுநீளப் படத்துக்கு ஒளிப்பதிவு. 20 நாள் ஷூட்டிங், பாதிக்கு மேல் வீட்டுக்குள் இரவுக் காட்சிகள். பட்ஜெட் சொற்பம். பெரிய கேமரா வாடகைக்கு எடுப்பதா, சின்னக் கேமராவோடு நிறுத்திக்கொண்டு மிச்சத்தை லைட்டுக்கும் ஆட்களுக்கும் ஒதுக்குவதா?

நிழல்கோடு:
சின்னக் கேமரா போதும். நல்ல ஃபோகஸ் புல்லரை (ஷாட் ஓடும்போது லென்ஸின் ஃபோகஸைப் பிடிக்கும் உதவியாளர்) மட்டும் விட்டுவிடாதீர்கள். ஃபுல் ஃபிரேம் (35 எம்எம் ஸ்டில் ஃபிலிம் அளவு) சென்சாரில் 85 எம்எம் லென்ஸ், டி2 (லென்ஸ் திறப்பின் அளவு; எண் குறையக் குறைய திறப்பு பெரிது), நடிகர் 2 மீட்டரில் என்றால் ஷார்ப்பாக இருப்பது சுமார் 6, 7 செ.மீ. ஆழம்தான். டம்ளரை எடுக்க லேசாகக் குனிந்தாலே கண் ஃபோகஸ் அவுட். சின்ன மானிட்டரில் இது தெரியாது, டிஐ (படப்பிடிப்புக்குப் பிறகு நிறம் சரிசெய்யும் வேலை) திரையில்தான் பளிச்சென்று தெரியும். டி4 வைத்தால் ஆழம் இரு மடங்காகும், ஆனால் நான்கு மடங்கு வெளிச்சம் வேண்டும். லைட்டுக்குப் பணம் ஒதுக்கச் சொல்வது இதனால்தான்.

மவுன்ட் அடாப்டர் (வேறு வகை லென்ஸைக் கேமராவில் பொருத்தும் வளையம்) போடுவதாக இருந்தால் ஒவ்வொரு லென்ஸையும், முக்கியமாக வைடு லென்ஸை, முழுசாகத் திறந்து டேப்பால் தூரம் அளந்து ஃபோகஸ் சோதியுங்கள். அடாப்டரில் இம்மி அளவு ஆட்டம் இருந்தாலும் லென்ஸில் உள்ள தூரக்குறிகள் பொய் சொல்லும்.

50ஹெர்ட்ஸ்:
வீட்டு பல்புகளைக் கவனியுங்கள். 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் பல்பு நொடிக்கு 100 முறை துடிக்கும். நொடிக்கு 24 ஃபிரேமில் 180 டிகிரி ஷட்டர் என்றால் ஒவ்வொரு ஃபிரேமும் வெளிச்சம் வாங்கும் நேரம் 1/48 நொடி. இது அந்தத் துடிப்போடு சேராது, படத்தில் மினுக்கம் தெரியலாம். 172.8 டிகிரி வையுங்கள், சரியாக 1/50 வரும். 60 ஹெர்ட்ஸ் உள்ள இடத்தில் 144 டிகிரி.

புதுவெளிச்சம்:
ஷட்டரை மாற்றியும் ஒரு எல்இடி பல்பில் பட்டை ஓடுகிறதே?

50ஹெர்ட்ஸ்:
டிம்மரில் இருக்கிறதா? பல எல்இடிகள் மங்கும்போது வேகமாக அணைந்து அணைந்து எரியும், அந்த வேகம் மின்சாரத்தின் கணக்கில் வராது. டிம்மரை முழுசாக ஏற்றிவிட்டு, குறைந்த வாட் பல்பு போடுங்கள், இல்லையென்றால் ஷேடுக்குள் என்டி ஜெல் (நிறம் மாற்றாமல் வெளிச்சத்தை மட்டும் குறைக்கும் தாள்) ஒட்டுங்கள்.

மூன்றாம்பிரதி:
டேட்டா கணக்கைத் தயாரிப்பாளரிடம் இப்போதே எழுதிக் கொடுங்கள். கேமரா நொடிக்கு 400 மெகாபிட் பதிவு செய்தால் மணிக்கு 180 ஜிபி. தினம் ஒன்றரை மணி நேர ஃபுட்டேஜ் என்றால் 20 நாளில் 5.4 டிபி, இரண்டு பிரதிக்கு 10.8 டிபி. வெறும் காப்பி-பேஸ்ட் வேண்டாம், செக்சம் (பிரதி அசலோடு அச்சாகப் பொருந்துகிறதா என்று காட்டும் எண்) சரிபார்க்கும் மென்பொருள் வழியாகவே எடுங்கள். இரண்டு பிரதியும் சரிபார்த்து முடியும்வரை கார்டை ஃபார்மட் செய்யக்கூடாது, செட்டில் யார் அவசரப்படுத்தினாலும்.

நிழல்கோடு:
ஒப்பந்தத்தில் இரண்டு வரி விட்டுப்போகக் கூடாது: டிஐயில் நீங்கள் உட்காரும் நாட்களும் அதற்கான சம்பளமும், ஷோரீலுக்கு (வாய்ப்புக் கேட்கக் காட்டும் மாதிரித் தொகுப்பு) காட்சிகளை எந்தத் தேதியிலிருந்து பயன்படுத்தலாம் என்பதும். சின்னப் படங்கள் வெளியாகாமல் முடங்குவது சகஜம். தேதி குறிக்காமல் 'ரிலீஸுக்குப் பிறகு' என்று மட்டும் எழுதினால், அடுத்த படத்துக்குக் காட்ட உங்கள் கையில் ஒரு ஷாட்கூட இருக்காது.